பிள்ளைக்குப் பெயர் சூட்டுமுன்...



செங்கல்பட்டிலிருந்து கடற்கரை நோக்கிச் சென்றால் வழியெங்கும் பெயர்கள் நம்முடன் பேசும். செங்கழுநீர் மலர்கள் நிறைந்த ‘செங்கழுநீர்ப்பட்டு’தான் செங்கல்பட்டாயிற்று என்பர், ஆங்கிலேயர் நாவில் அது ‘சிங்கிள்புட்’ ஆனது. டச்சுக்காரர் கோட்டை கட்டிய சதுரங்கப்பட்டினம் ‘சத்ராஸ்’ எனச் சுருங்கிற்று. மாமல்லபுரமோ, பல்லவ மன்னன் முதலாம் நரசிம்மவர்மனின் ‘மாமல்லன்’ என்னும் பட்டத்தை 7ஆம் நூற்றாண்டிலிருந்து சுமந்து நிற்கிறது. பெரும் மற்போர் வீரன் என்பது அதன் பொருள்.

அதற்கு வடக்கே கோவளத்தில் தமீமுல் அன்சாரி அவர்களின் தர்கா உள்ளது. அப்பெயரைத் தமிழக முஸ்லிம்கள் பலர் தம் மைந்தர்களுக்குச் சூட்டி மகிழ்கின்றனர். ‘தமீம்’ என்றால் முழுமையும் வலிமையும் உடையவர். ‘அன்சார்’ என்போர், மக்காவைத் துறந்து வந்த முஹாஜிர்களுக்குத் தம் இல்லத்திலும் பொருளிலும் பங்களித்த மதீனாவாசிகள். உங்கள் வீட்டில் ஓர் அன்சாரி இருக்கிறாரா? அந்த வரலாற்றை அவருக்கு என்றேனும் சொல்லியிருக்கிறீர்களா?

பெயர்கள் சமுதாயங்களைக் கடந்தும் பயணம் செய்கின்றன. நம் இப்ராஹீம்தான் கிறிஸ்தவ அண்டை வீட்டாரின் ஆபிரகாம்; யூசுஃப் அங்கே யோசேப்பு; தாவூத், தாவீது; மர்யம், மரியாள். பெயர் அமையும் முறையும் நாட்டுக்கு நாடு வேறுபடும். அரபியர் தம் பெயருக்குப் பின் ‘பின்’ என்று சொல்லித் தந்தையின் பெயரைச் சேர்ப்பர். ஐஸ்லாந்து மக்களும் தந்தையின் பெயரோடு மகன், மகள் என்னும் சொல்லை இணைப்பர். இந்தோனேசியாவில் ஒற்றைப் பெயரே உடையோர் ஏராளம். நாமோ தந்தையின் பெயரை ஓரெழுத்தாக்கி முன்னால் வைக்கிறோம்.

இனி, நாம் கவனிக்க வேண்டியதைக் காண்போம். உமர் (ரலி) அவர்களின் மகளார் ஒருவருக்கு ‘மாறு செய்பவள்’ எனப் பொருள்படும் ஆஸியா என்ற பெயர் இருந்தது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அதனை ‘அழகானவள்’ எனப் பொருள்படும் ஜமீலா என மாற்றினார்கள். ஆனால் ஃபிர்அவ்னின் மனைவியாரான ஈமானிய மங்கையின் பெயரும் ஆஸியாதானே என்று கேட்பீர்கள். அரபியில் இரண்டும் வெவ்வேறு எழுத்துகளால் ஆன வெவ்வேறு சொற்கள். தமிழ் எழுத்தில் ஒன்றாகி விடுகின்றன! ஆகவே ஓசை இனிமையை மட்டும் நம்பாமல், ஆலிம் ஒருவரிடம் அரபி எழுத்தையும் பொருளையும் கேட்டறிவது நன்று.

சூட்டிய பெயரைச் சிதைக்காமல் அழைப்பதும் கடமை. ‘அப்துர் ரஹ்மான்’ என்றால் அளவற்ற அருளாளனின் அடியான். அடியானை விட்டுவிட்டு ‘ரஹ்மான்’ என்று மட்டும் மனிதரை அழைப்பது முறையாகுமா? வெறும் ‘அப்துல்’ என்பதோ முடிவுறாத சொல்.

எழுத்திலும் கவனம் தேவை. காதர், காதிர், காதர் மொய்தீன் என ஆவணத்துக்கு ஆவணம் மாறினால், பாஸ்போர்ட் எடுக்கும் நாளில் பிள்ளைதான் அலைய வேண்டும். பிறப்பை 21 நாட்களுக்குள் பதிவு செய்யுங்கள். பெயர் முடிவாகாவிடில், பதிவுசெய்த 12 மாதங்களுக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன்பின் 15 ஆண்டுகள் வரை கட்டணத்துடன் சேர்க்கலாம். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை முதல் பாஸ்போர்ட் வரை பிறப்புச் சான்றிதழே அடிப்படை. அதில் எழுதும் ஒவ்வோர் எழுத்தும் ஆயுள் முழுதும் தொடரும்.

ஊர்ப்பெயரை அன்னியர் நா திரித்தது. பிள்ளையின் பெயரைத் திரிப்பதோ பெரும்பாலும் நம் நாவும் நம் பேனாவுமே. பெயர் நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதம். பொருளறிந்து சூட்டி, முழுமையாய் அழைத்து, பிழையின்றி எழுத அல்லாஹ் நமக்கு அருள்புரிவானாக! ஆமீன்.