விடுவிப்பு மனுக்களால் தடைபட்ட விசாரணை

ஐதராபாத்: ஆந்திர முன்னாள் முதல்வர் ஜெகன்மோகன் ரெட்டி மீதான சொத்துக் குவிப்பு வழக்கை, உயர் நீதிமன்ற உத்தரவின்பேரில் சிபிஐ 2011-ல் பதிவு செய்தது. 2012 மே மாதம் கைதான அவர், 2013 செப்டம்பரில் ஜாமீனில் வெளிவந்தார். பத்தாண்டுகள் கடந்தும், ஐதராபாத் சிபிஐ சிறப்பு நீதிமன்றத்தில் சாட்சி விசாரணை தொடங்கவில்லை.

காரணம், வழக்கிலிருந்து விடுவிக்கக் கோரி குற்றம்சாட்டப்பட்டோர் தாக்கல் செய்த மனுக்கள். அவற்றின் மீது முடிவெடுக்காமல் குற்றச்சாட்டுகளைப் பதிவு செய்ய இயலாது. வாதங்கள் முடியுமுன் நீதிபதி மாற்றப்பட்டால், மீண்டும் முதலிலிருந்து கேட்க வேண்டும்.

எம்.பி., எம்.எல்.ஏ.க்கள் மீதான வழக்குகளை உயர் நீதிமன்றங்கள் கண்காணிக்க வேண்டும். தவிர்க்க முடியாத காரணமின்றி விசாரணை நீதிமன்றங்கள் ஒத்திவைக்கக் கூடாது என 2023 நவம்பர் 9-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

2014, 2019, 2024 சட்டப்பேரவைத் தேர்தல்களில், நீதிமன்றத்தின் முடிவை அறியாமலேயே ஆந்திர வாக்காளர்கள் வாக்களித்தனர்.