கற்பனை விலங்கும் உண்மையான மக்களும்

சிங்கத்தின் தலை, மீனின் உடல், வாயிலிருந்து பீறிட்டுப் பாயும் நீர். மரினா பே நீர்முகப்பில் நிற்கும் மெர்லயன் சிலையைப் படத்தில் கண்டவுடனேயே பலரும் "இது சிங்கப்பூர்" என்று சொல்லிவிடுவர். ஆனால், அத்தகைய விலங்கு எந்தக் காட்டிலும் வாழ்ந்ததில்லை. எந்தக் கடலிலும் நீந்தியதில்லை. யாருமே கண்டிராத ஒரு விலங்கு, ஒரு நாட்டின் முகமாக மாறியது எப்படி?

மெர்லயன் மிகப் பழைய சின்னம் அன்று. 1964ஆம் ஆண்டில், சிங்கப்பூர்ப் பயணத்துறைக் கழகத்தின் சின்னமாக அது வடிவமைக்கப்பட்டது. அதை வரைந்தவர் அலெக் பிரேசர்-பிரன்னர் என்பவர். மீன்களைப் பற்றி ஆராய்ந்த அவர், அன்று வான் கிளீஃப் மீன் காட்சியகத்தின் பொறுப்பாளராக இருந்தார். பின்னர், சிற்பி லிம் நாங் செங் அந்த வடிவத்தை 8.6 மீட்டர் உயரமும் 70 டன் எடையும் கொண்ட சிலையாக உருவாக்கினார். 1972ஆம் ஆண்டு செப்டம்பர் 15ஆம் நாள், அன்றைய பிரதமர் லீ குவான் இயூ சிங்கப்பூர் ஆற்றின் முகத்துவாரத்தில் அச்சிலையைத் திறந்து வைத்தார்.

வடிவம் புதியது, ஆனால், அதற்குள் இருக்கும் கதைகள் பழையவை. பலெம்பாங்கிலிருந்து வந்த சாங் நீல உத்தமா என்னும் இளவரசர், இத்தீவில் வியப்பூட்டும் விலங்கொன்றைக் கண்டார் என்றும், அது சிங்கம் எனக் கேட்டறிந்து இவ்விடத்திற்குச் 'சிங்கபுரம்' எனப் பெயரிட்டார் என்றும் மலாய் வரலாற்று நூலான 'செஜாரா மெலாயு' கூறுகிறது. சிங்கத் தலை இந்தக் கதையிலிருந்து வந்தது. சிங்கப்பூரின் பழைய பெயர் துமாசிக். கடலை நம்பி வாழ்ந்த அந்தச் சிற்றூரை மீன் உடல் நினைவூட்டுகிறது. ஆக, நாட்டின் பெயரும் பிழைப்பும் ஒரே உருவத்தில் ஒன்று சேர்ந்தன.

சின்னங்கள் ஒரு சமூகத்திற்கு ஏன் தேவைப்படுகின்றன? இதற்கு விடை காண, பெனடிக்ட் ஆண்டர்சன் என்னும் அறிஞர் 1983ஆம் ஆண்டில் வெளியிட்ட கருத்து உதவுகிறது. மிகச் சிறிய நாட்டில்கூட, ஒருவர் தம் நாட்டு மக்கள் அனைவரையும் நேரில் சந்திக்க முடியாது. இருப்பினும், தாம் அனைவரும் ஒரே மக்கள் என்னும் எண்ணம் ஒவ்வொருவர் உள்ளத்திலும் வாழ்கிறது. எனவே, நாடு என்பது மக்கள் தம் மனத்தில் கற்பனை செய்துகொள்ளும் ஒரு சமூகம் என்றார் அவர். இங்குக் கற்பனை என்பது பொய் என்று பொருள்படாது. எம்ஆர்டி இரயிலில் அருகருகே அமர்ந்திருக்கும் இருவர் ஒருவர் பெயரை மற்றவர் அறியமாட்டார். ஆயினும், தேசிய தினத்தன்று இருவர் வீட்டிலும் ஒரே கொடி பறக்கிறது. கண்ணுக்குத் தெரியாத அந்த உறவைக் கண்ணால் காணக்கூடிய ஒன்றாக மாற்றுவதே சின்னத்தின் வேலை.

பழந்தமிழர் இதனை நன்கு அறிந்திருந்தனர். சங்க கால மன்னர்கள் ஒவ்வொருவரும் ஒரு மரத்தைக் காவல் மரமாகப் போற்றினர். பகைவரின் காவல் மரத்தை வெட்டி வீழ்த்துவது பெரும் வெற்றியாகக் கருதப்பட்டது. சேர மன்னன் நெடுஞ்சேரலாதன் பகைவரின் கடம்ப மரத்தை வெட்டி, அதில் முரசு செய்தான் எனப் பதிற்றுப்பத்துப் பாடல்கள் கூறுகின்றன. வெட்டப்பட்டது ஒரு மரம்தான்; ஆனால், வீழ்ந்தது அதை நம்பியிருந்த மக்களின் பெருமை.

சின்னத்தின் ஆற்றல் கல்லிலோ மரத்திலோ இல்லை. மக்களின் உடன்பாட்டில்தான் இருக்கிறது. 1997ஆம் ஆண்டில் எஸ்பிளனேட் பாலம் கட்டி முடிக்கப்பட்டபோது, மெர்லயன் சிலை கடலோரத்திலிருந்து பார்ப்போருக்கு மறைந்துபோனது. வெறும் சிலை என்று மட்டும் கருதியிருந்தால், அதை அப்படியே விட்டிருக்கலாம். ஆனால், 2002ஆம் ஆண்டில் 70 டன் எடையுள்ள அச்சிலை, ஏறத்தாழ 120 மீட்டர் தொலைவிலுள்ள இன்றைய இடத்திற்கு மாற்றப்பட்டது. எல்லாரும் காண வேண்டிய ஒன்று மறைந்திருக்கக் கூடாது என்பதே அதற்குக் காரணம்.

எனினும், மெர்லயனை எல்லாரும் ஒரே கண்ணோட்டத்தில் பார்ப்பதில்லை. சுற்றுப்பயணிகளைக் கவர்வதற்காக உருவாக்கப்பட்ட ஒன்று எப்படி ஒரு மக்களின் அடையாளமாக முடியும் என்று சிலர் கேட்கின்றனர். தமிழ்த் தந்தைக்கும் சீனத் தாய்க்கும் பிறந்த சிங்கப்பூர்க் கவிஞர் எட்வின் தம்பு, 1979ஆம் ஆண்டில் மெர்லயனைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு கவிதை எழுதினார். அதன் பிறகு, வேறு கவிஞர்களும் அதே சிலையைப் பற்றி எழுதினர். சிலர் பாராட்டினர், சிலர் கேள்வி எழுப்பினர், சிலர் எள்ளி நகையாடினர். இந்த வாதமே மெர்லயனுக்கு வலுச் சேர்த்தது எனலாம். தமக்குத் தொடர்பில்லாத ஒன்றைப் பற்றி மக்கள் இவ்வளவு நாள் வாதிடுவதில்லை.

இன்னொரு செய்தியும் கவனிக்கத்தக்கது. கொடி, நாட்டுப்பண், தேசிய உறுதிமொழி போன்றவை சட்டத்தால் பாதுகாக்கப்படும் தேசியச் சின்னங்கள். அந்தப் பட்டியலில் மெர்லயன் இல்லை. ஆனாலும், செந்தோசாவில் 37 மீட்டர் உயரத்தில் நின்ற மற்றொரு மெர்லயன் சிலை 2019ஆம் ஆண்டில் அகற்றப்படும் என அறிவிக்கப்பட்டபோது, பலர் குடும்பத்தோடு சென்று கடைசியாக ஒருமுறை அதைப் பார்த்துவிட்டு வந்தனர். அவர்களை அனுப்பியது சட்டம் அன்று; சிறு வயதில் பெற்றோரின் கையைப் பிடித்துக்கொண்டு அங்கு நடந்த நினைவு.

சின்னங்கள் மக்களை இணைக்கும். சில வேளைகளில் பிரிக்கவும் செய்யும். "இது எங்களுடையது, உங்களுடையது அன்று" என்று ஒரு பிரிவினர் சொல்லத் தொடங்கும்போது, அதே சின்னம் ஒரு வேலியாக மாறிவிடுகிறது. பல இனத்தவர் வாழும் நாட்டில் இது பெரிய ஆபத்து. மெர்லயனின் சிங்கத் தலைக்கு அடிப்படையான கதை மலாய் நூலில் உள்ளது, 'சிங்கபுரம்' என்னும் பெயர் வடமொழியிலிருந்து பிறந்தது, வரைந்தவர் ஆங்கிலேயர், வடித்தவர் சீனர். எந்த ஓர் இனமும் அதைத் தனக்கு மட்டுமே உரியது என்று சொல்ல முடியாது. பல கைகள் சேர்ந்து உருவாக்கியதாலேயே அது பலருக்கும் பொதுவானது.

பழமையான சின்னமே சிறந்த சின்னம் என்று சொல்வதற்கில்லை. நேற்று உருவான சின்னத்திற்கும் இன்று வாழும் மக்களே பொருள் கொடுக்கின்றனர். மெர்லயன் கற்பனை விலங்குதான். ஆனால், அதன் முன்னால் நின்று படம் எடுத்துக்கொள்ளும் மக்களும் அவர்கள் பகிர்ந்துகொள்ளும் நினைவுகளும் கற்பனை அல்ல. அந்தச் சின்னம் நாளை எதைக் குறிக்கும் என்பது, அதனைத் தமதாக ஏற்றுக்கொள்ளும் அடுத்த தலைமுறையின் கையில் உள்ளது.