பத்து சென்ட் மிச்சம்

அமேசானின் கன்டெய்னர் கிடங்கான ஈசிஆரில் 1 ஜிபியை ஒரு மாதம் வைத்திருக்க வாடகை 10 சென்ட். டெபியன் அடிப்படை இமேஜ், சுருக்கிய நிலையில், சுமார் 50 எம்பி. 20 சர்வீஸ்கள் தனித்தனியே அதைச் சுமந்தால் 1 ஜிபி. இமேஜின் ஓர் அடுக்காக, அதாவது ஒரே லேயராகப் பகிர்ந்தால் 50 எம்பி. மிச்சம் மாதம் 9.5 சென்ட். பல நிரல்கள் ஒரே பிரதியைப் பகிரும் ஷேர்டு லைப்ரரிக்கும் வழக்கமாகச் சொல்லும் முதல் பெருமை இப்படி டிஸ்க் இடம் மிச்சம் என்பதுதான். ரூபாயில் போட்டால் ஒரு டீக்குக்கூடக் காணாது.

மெமரியில் கணக்கு வேறு. லினக்ஸில் பெரும்பாலான நிரல்கள் சார்ந்திருக்கும் ஜிலிப்சி சுமார் 2 எம்பி. மறையாக்கத்துக்கான லிப்கிரிப்டோ, ஓபன்எஸ்எஸ்எல் 3-இல் 4 எம்பிக்கு மேல். 200 புராசஸ்கள் இவற்றை முழுதாகத் தனித்தனியே ஏற்றினால் 1,200 எம்பி, பகிர்ந்தால் 6. ஆனால் 1,194 எம்பியையும் லாபக் கணக்கில் எழுத முடியாது. கெர்னல் தேவைப்பட்ட பக்கங்களை மட்டுமே ஏற்றும். எழுதப்படும் தரவுப் பகுதி ஒவ்வொரு புராசஸுக்கும் தனி. தவிர, இரு கன்டெய்னர்கள் அந்தக் கோப்பை ஒரே லேயரிலிருந்து எடுத்தால்தான் பகிர்வே நடக்கும். பதிப்பு ஒன்றே ஆனாலும் லேயர் வேறென்றால் கெர்னலுக்கு அவை இரு கோப்புகள்.

பெயரில் மட்டும் பகிர்வு இருப்பதற்கு நல்ல உதாரணம் பைத்தான். அதன் கணித லைப்ரரிகளான நம்பை, சைபை இரண்டும் அணிக் கணக்குக்கு ஓபன்பிளாஸ் லைப்ரரியையே நம்பியவை. லினக்ஸுக்கு வரும் அவற்றின் பொட்டலங்களோ ஆளுக்கொரு பிரதியைக் கையோடு கொண்டுவருகின்றன. ஒவ்வொன்றும் 20 எம்பிக்கு மேல். சர்வரை நாமே நிர்வகிக்காமல் நிரலை ஓட்டும் அமேசான் லாம்டாவில் விரித்த அளவின் உச்சவரம்பு 250 எம்பி. அதில் 40 எம்பி, அதாவது 16 சதவீதம், ஒரே சரக்கின் இரட்டைப் பிரதிக்கே போகிறது. 2018-இல் வந்த லாம்டா லேயர் வசதி இதைத் தீர்க்கும் என்று நம்புகிறவர்கள் உண்டு. ஒரு ஃபங்ஷனுக்கு 5 லேயர்கள் வைக்கலாம், ஆனால் ஐந்தும் அதே 250-க்குள்தான். இடம் வேண்டுமென்றால் 2020 டிசம்பரில் வந்த கன்டெய்னர் இமேஜ் வழிக்குப் போக வேண்டும். அங்கே வரம்பு 10 ஜிபி.

இதுவரை பார்த்தது சில்லறை. பெரிய செலவு பதிப்பு எண்ணில் இருக்கிறது. ஜிலிப்சி 2.27 வெளிவந்தது 2018 பிப்ரவரியில்; 2.28 அதே ஆண்டு ஆகஸ்டில். இந்த ஆறு மாத இடைவெளி 2024 பிப்ரவரியில் பலரின் வேலையை நிறுத்தியது. தொலைவிலுள்ள சர்வரில் நிரல் எழுதவும் உதவும் மைக்ரோசாஃப்டின் விஎஸ் கோட், 1.86 பதிப்பில் சர்வர் பக்கம் குறைந்தது 2.28 வேண்டும் என்றது. உபுண்டு 18.04-இல் இருப்பது 2.27. அமேசான் லினக்ஸ் 2-இல் 2.26. சென்ட்ஓஎஸ் 7-இல் 2.17. எதிர்ப்பு கிளம்பியதும் மைக்ரோசாஃப்ட் பழைய சர்வர்களுக்கு 12 மாத அவகாசம் கொடுத்தது.

காரணம் எளிது. ஜிலிப்சியின் செயல்களில் பதிப்பு முத்திரை இருக்கிறது. 2.28 முத்திரையுள்ள செயலைக் கேட்கும் நிரல், அது இல்லாத கணினியில் தொடங்கவே மறுக்கும். பழைய ஜிலிப்சிக்காகக் கட்டிய நிரல் புதியதில் ஓடும். மறுபக்கம் வழி கிடையாது. ஜாவாஸ்கிரிப்ட் நிரல்களை ஓட்டும் நோட் 18-உம் 2.28 கேட்டதால் அமேசான் லினக்ஸ் 2-இல் அதன் அதிகாரபூர்வப் பொட்டலம் ஓடவில்லை.

பாதுகாப்பு வரவையும் எழுத வேண்டும். 2014 ஏப்ரலில் ஓபன்எஸ்எஸ்எல்லின் ஹார்ட்பிளீட் ஓட்டை வெளிப்பட்டது. ஒரு கோரிக்கைக்கு 64 கேபி வரை சர்வரின் மெமரி கசியும். ஒரு சர்வரில் 20 சர்வீஸ்கள் ஓடினால், லைப்ரரியை ஒருமுறை மாற்றி அவற்றை மறுதொடக்கம் செய்தால் போதும். அதே 20-ஐ கன்டெய்னர்களாக்கிவிட்டால் 20 இமேஜ்களை மறுபடி கட்டி, 20 முறை வெளியிட வேண்டும். என் கணக்கில் 9.5 சென்ட் மிச்சத்தை விழுங்குவது இந்த வரிதான்.

ஆகவே க்ளவுடில் சர்வர் எடுக்குமுன் விலைப்பட்டியலோடு அதன் ஜிலிப்சி எண்ணையும் பாருங்கள். எல்டிடி கட்டளையில் வெர்ஷன் கேட்டால் முதல் வரியிலேயே வந்துவிடும்.