எஞ்சின் பழுதும் இரு கம்பிகளும்

இக்கால மோட்டார் வண்டிகளில் எஞ்சினுக்கு எரிபொருளை அளந்து விடுவது மின்னணுக் கட்டுப்பாட்டுப் பெட்டியாகும். வண்டி பழுதுற்றதும் விலையுயர்ந்த இப்பெட்டியை மாற்றுவது வீண்செலவாய் முடியலாம். குற்றம் கம்பியில் இருத்தலும் கூடும்.

பல வண்டிகளில் இப்பெட்டி ஏனைய பெட்டிகளுடன் முறுக்கிய இரு கம்பிகளின் வழியே செய்தி பரிமாறுகிறது. ‘கான்’ எனப்படும் இம்முறையை 1986-இல் ஜெர்மனியின் பாஷ் நிறுவனம் அறிமுகப்படுத்தியது. இக்கம்பிகளின் இரு கோடிகளிலும் 120 ஓம் மின்தடை ஒவ்வொன்று உண்டு. அவை பக்க இணைப்பில் அமைவதால் மொத்தத் தடை 60 ஓம் ஆகும்.

பாட்டரியின் இணைப்பைக் கழற்றிய பின், 16 துளைகளுள்ள சோதனைச் சாக்கெட்டில் 6-ஆம், 14-ஆம் துளைகளுக்கு இடையே ஓம் மீட்டரால் அளத்தல் வேண்டும். ஏறத்தாழ 60 காட்டின் தொடர்பு அறவில்லை; 120 காட்டின் ஒரு கோடியில் தொடர்பு அற்றுள்ளது; பூஜ்யத்தை அணுகின் கம்பிகள் ஒன்றையொன்று தொடுகின்றன. வகுப்பில் கற்பிக்கும் பக்க இணைப்பு விதியே இங்குப் பழுதைக் காட்டிக்கொடுக்கிறது.