வேதியியல் பெயரீட்டில் விகுதியும் தமிழ் எழுத்தும்

கரிமச் சேர்மங்களுக்கு முறைப்படிப் பெயரிடும் நெறி 1892இல் ஜெனீவாவில் வகுக்கப்பட்டது. இவ்வகைப் பெயர்களில் விகுதியே பொருளை வரையறுக்கும். ஈத்தேன், ஈத்தீன், ஈத்தைன் என்பனவற்றின் ஒற்றை, இரட்டை, முப்பிணைப்புகளைத் தமிழ் உயிர்களே வேறுபடுத்திவிடுகின்றன.

கனிமச் சேர்மங்களின் பெயர்களில், இடர்ப்பாடு மெய்யில் எழுகிறது. 'சல்பைட்' என்று மட்டும் எழுதினால், ஆக்சிஜன் உள்ள உப்பா அற்றதா என்பது விளங்காது. தமிழில் உயிர்களுக்கிடையே ஒற்றை டகரம் ஒலிப்புடையது, இரட்டித்தால் ஒலிப்பற்றது. எனவே ஆக்சிஜன் அற்றதை உயிர்த்தொடர்க் குற்றியலுகரமாகச் 'சல்பைடு' என்றும், உள்ளதை வன்றொடராகச் 'சல்பைட்டு' என்றும் எழுதுவதே தக்கது. ஆங்கில ஒலிப்புக்கு நெருங்கும் ஆர்வத்தில் ஈற்று உகரத்தை நீக்கும் மொழிபெயர்ப்பாளர் இவ்வேறுபாட்டையே அழித்துவிடுகிறார். சோடியம் சல்பைட்டு உணவைக் கெடாமற் காப்பது. சோடியம் சல்பைடோ தோல் பதனிடுவோர் மயிர் நீக்கப் பயன்படுத்தும் அரிபொருள்.