பணம் போட்டவரே பரமன்

2008 ஜூலையில் வெளியான 'சுப்பிரமணியபுரம்' படத்தில் பரமனாக வந்த சசிகுமார்தான் அந்தப் படத்தின் இயக்குநர். பணம் போட்டவரும் அவரே. பெரிய நட்சத்திரம் யாருமில்லை. 1980-ஆம் ஆண்டு மதுரை, பெல்பாட்டம், அகலக் காலர், தாடி, தியேட்டரில் 'முரட்டுக்காளை'. கனகுவாக நடித்த சமுத்திரக்கனி விருதுநகர் மாவட்டத்துச் சேத்தூர்க்காரர்.

முதல் படம் ஓடினால் அடுத்ததிலும் தானே நடிக்கத்தான் யாருக்கும் தோன்றும். இவரோ 2009-இல், தான் தலைகாட்டாத 'பசங்க' படத்தைத் தயாரித்தார். பாண்டிராஜின் முதல் படம், நடித்தது பெரும்பாலும் பள்ளிப் பிள்ளைகள். மூன்று தேசிய விருதுகள் வந்தன. தயாரிப்பாளராக அவர் செய்த ஆகத் துணிச்சலான காரியம் இதுதான் என்பேன்.

2016-இல் அவர் தயாரித்து நடித்த 'கிடாரி'. கதை நடப்பது சாத்தூரில். எழுத்தாளர் வேல ராமமூர்த்தி கொம்பையா பாண்டியனாக மிரட்ட, கவிஞர் வசுமித்ரவும் நடித்தார்.

இன்னொன்று. இந்தி இயக்குநர் அனுராக் காஷ்யப் 2012-இல் தன் 'கேங்ஸ் ஆஃப் வாசேப்பூர்' படத் தொடக்கத்தில் பாலா, அமீர், சசிகுமார் மூவருக்கும் நன்றி சொல்லியிருக்கிறார்.