காணாமல் போன கல்யாணக் கூத்து

சீமையில் படித்துத் திரும்பிய மகன், காதல், கல்யாணம் பற்றிய புதுக் கருத்துகளால் பெற்றோரைத் திகைக்க வைக்கிறான். 1921இல் கல்கத்தாவில் வெளியான ‘பிலத் ஃபெரத்’ மௌனப் படத்தின் கதை இதுதான். எழுதி நாயகனாக நடித்தவர் தீரேந்திரநாத் கங்குலி. புராணப் படங்கள் கொடிகட்டிப் பறந்த காலத்தில் வீட்டுக் கூடத்தையே கேலிக்கு இழுத்தது பெரிய துணிச்சல்தான்.

இன்று அந்தப் படம் இல்லை.

அக்காலச் சுருள்கள் நைட்ரேட்டால் ஆனவை. தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும். வெள்ளியைப் பிரித்தெடுக்கப் பழைய சுருள்களை அழித்ததும் உண்டு. விவாகரத்தை வைத்துச் சிரிக்கவைத்த இயக்குநர் லூபிட்ச்சின் ஹாலிவுட் படம் ‘கிஸ் மீ அகெய்ன்’ (1925) கூடத் தப்பவில்லை. அதே ஆண்டு எடுக்கப்பட்ட இலங்கையின் முதல் கதைப்படம் ‘ராஜகீய விக்ரமய’, இலங்கையில் திரைக்கு வருமுன்பே எரிந்தது.